படிக்கட்டை அடைத்துவிட்டுப் பத்தாயிரம் அடி நடக்கச் சொல்லும் நிர்வாகத்துக்கு ஒரு திறந்த மடல்

நிறுவனத்தின் தலைமை நிர்வாகிகளுக்கும், மனிதவளப் பிரிவினருக்கும், கட்டடப் பராமரிப்புப் பொறுப்பாளர்களுக்கும்,

இந்த மாதத் தொடக்கத்தில் உங்களிடமிருந்து அடுத்தடுத்து இரண்டு சுற்றறிக்கைகள் வந்தன. எல்லா மாடிகளிலும் படிக்கட்டுக் கதவுகளில் எச்சரிக்கை மணி பொருத்தப்பட்டுள்ளதால் அவசர காலத்தில் மட்டுமே அவற்றைத் திறக்க வேண்டும் என்றும், மற்ற நேரங்களில் லிப்டை மட்டுமே பயன்படுத்த வேண்டும் என்றும், மதிய உணவு இடைவேளை ஒரு மணி நேரத்திலிருந்து நாற்பது நிமிடமாகக் குறைக்கப்படுகிறது என்றும், கட்டடத்தின் பின்புறப் பாதை இருசக்கர வாகன நிறுத்தமாக மாற்றப்படுகிறது என்றும் முதலாவது அறிவித்தது. ஊழியர் நலனில் நிர்வாகத்துக்குள்ள அக்கறையின் அடையாளமாகப் ‘பத்தாயிரம் அடி சவால்’ தொடங்கப்படுகிறது என்றும், ஒவ்வொருவரும் கைப்பேசியில் ஒரு செயலியை நிறுவி அன்றாடம் நடந்த காலடிகளைக் குழுவாரியாகப் பதிவேற்ற வேண்டும் என்றும், முதலிடம் பெறும் குழுவுக்குப் பரிசுக் கூப்பன் உண்டு என்றும் இரண்டாவது அறிவித்தது. இரண்டிலும் ஒரே அலுவலரின் கையொப்பம் இருந்தது. முதல் தாள் பறித்துக்கொண்டதைத்தான் இரண்டாம் தாள் எங்களிடம் கேட்கிறது என்பது அந்த மேசையில் இருந்த ஒருவருக்கும் தோன்றவில்லையா என்பதே எங்கள் தளத்தில் எல்லோரும் கேட்கும் கேள்வி.

இதைப் பற்றி மனிதவளப் பிரிவுக்கு முறைப்படி மின்னஞ்சல் அனுப்பினேன். இது கொள்கை முடிவு என்று ஒரு வரியில் பதில் வந்தது. அதனால்தான் இப்போது திறந்த மடலாக எழுதுகிறேன். நிறுவனத்தின் பெயரை நான் குறிப்பிடவில்லை. சென்னையில் மத்திய கைலாசிலிருந்து சிறுசேரி வரை இந்த ராஜீவ் காந்தி சாலையின் இருபுறமும் உள்ள கட்டடங்களில் வேலை செய்யும் என் தோழிகளில் பலர், இதைத் தங்கள் அலுவலகத்தைப் பற்றிய மடல் என்றே நினைத்துக்கொள்வார்கள்.

உடற்பயிற்சிக்கு நேரம் ஒதுக்குங்கள் என்று சொல்வது எளிது. நீங்கள் அனுப்பும் நல்வாழ்வுச் செய்திமடலிலும், ஆண்டுக்கொரு முறை வந்து பேசும் மருத்துவரின் உரையிலும் அதுவே திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது. ஆனால் அந்த நேரம் எங்கே இருக்கிறது என்பதை யாரும் எங்களோடு உட்கார்ந்து பார்த்ததில்லை. காலை ஐந்து மணிக்கு எழுந்து, சமைத்து, மூன்று டப்பாக்களில் மதிய உணவைக் கட்டி, பிள்ளையைப் பள்ளி வேனில் ஏற்றி, மாமியாருக்குரிய மாத்திரைகளை எடுத்து வைத்துவிட்டு, ஆறே முக்காலுக்குத் தெருமுனையில் வந்து நிற்கும் நிறுவன வண்டியில் ஏறும் ஒரு பெண்ணின் காலையில், நடைப்பயிற்சிக்கான அரைமணி நேரம் எந்த இடத்தில் செருகப்பட வேண்டும்? மெட்ரோ ரயில் பணிக்காகத் தடுப்புகள் நிற்கும் சாலையில் ஊர்ந்து வண்டி வீடு சேரும்போது இருட்டிவிடுகிறது. அதற்குப் பிறகு இரவுச் சமையலும் வீட்டுப்பாடமும் காத்திருக்கின்றன. எங்கள் பகுதியில் பூங்கா இருக்கிறது. நாங்கள் திரும்பும் நேரத்துக்கு அதன் காவலர் விசிலடித்து ஆட்களை வெளியேற்றிக்கொண்டிருப்பார்.

இது என் வீட்டின் தனிக்கதை அன்று. ஒன்றிய அரசின் புள்ளியியல் துறை 2024இல் நடத்திய நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, ஊதியமில்லாத வீட்டு வேலையில் ஈடுபடும் பெண்கள் அதற்காக நாளொன்றுக்கு 289 நிமிடங்களையும், அதே வேலையில் ஈடுபடும் ஆண்கள் 88 நிமிடங்களையும் செலவிடுகிறார்கள். அதே ஆண்டில் ‘லான்செட் குளோபல் ஹெல்த்’ இதழில் வெளியான உலகளாவிய ஆய்வு, இந்தியாவில் வயது வந்தோரில் ஏறத்தாழப் பாதிப்பேர், பெண்களில் நூற்றுக்கு ஐம்பத்தேழு பேர், போதிய உடலியக்கம் இல்லாதவர்கள் என்று மதிப்பிட்டது. இவ்விரு கணக்குகளையும் அருகருகே வைத்துப் படித்தால், பெண்கள் சோம்பேறிகள் என்ற முடிவுக்கு யாராலும் வர முடியாது. இதில் ஒரு விந்தையும் இருக்கிறது. ஐந்து மணி நேரம் வீட்டு வேலை செய்பவளுக்கு எதற்கு உடற்பயிற்சி என்று கேட்பவர்கள் எங்கள் வீடுகளிலேயே உண்டு. அடுப்படியில் நின்றபடியே செய்யும் வேலையில் கால் வலிக்குமே தவிர மூச்சு வாங்காது என்பதை அவர்களுக்கு விளக்கி எங்களுக்கு அலுத்துவிட்டது.

எனவே, தனியாக நேரம் ஒதுக்க முடியாதவர்களுக்கு இருந்த ஒரே வழி, ஏற்கெனவே இருக்கும் நாளின் இடுக்குகளில் உடலை அசைத்துக்கொள்வதுதான். எங்கள் கட்டடத்தில் அந்த இடுக்குகள் மூன்று இருந்தன. நான் அமரும் மூன்றாம் தளத்துக்கும் உணவுக்கூடம் உள்ள ஏழாம் தளத்துக்கும் இடையிலான படிக்கட்டு முதலாவது. உணவுக்குப் பின் மிச்சமிருந்த இருபது நிமிடம் இரண்டாவது. புங்கை மரங்களின் நிழலில் கட்டடத்தின் பின்னால் சென்ற பாதை மூன்றாவது. மூன்றையும் ஒரே தாளில் நீக்கிவிட்டீர்கள்.

அந்தப் படிக்கட்டை நீங்கள் கண்காணிப்புக் கேமராவின் திரையில் மட்டுமே பார்த்திருக்கிறீர்கள் என்பதால், அதில் என்ன நடந்தது என்பதைச் சொல்ல வேண்டியிருக்கிறது. காலையில் தரைத்தளத்தில் லிப்டுக்காக நீளும் வரிசையில் நின்று வருகைப் பதிவில் தாமதமாவதைவிட ஏறிவிடுவது விரைவு என்று தொடங்கியவர்கள் பலர். மூட்டுவலிக்காரர்கள் இறங்குவதைத் தவிர்த்து ஏறுவதற்கு மட்டும் அதைப் பயன்படுத்தினார்கள். சர்க்கரை நோய் கண்டறியப்பட்ட என் சக ஊழியர் ஒருவரிடம், சாப்பிட்டதும் உட்காராதீர்கள், கொஞ்சம் நடந்துவிட்டு உட்காருங்கள் என்று மருத்துவர் சொல்லியிருந்தார். அவர் ஏழாம் தளத்திலிருந்து தரைவரை இறங்கி, பின்புறப் பாதையில் ஒரு சுற்று வந்து, மீண்டும் மூன்றாம் தளத்துக்கு ஏறுவதை வழக்கமாக்கிக்கொண்டார். நாளடைவில் அவரோடு நாங்கள் சிலர் சேர்ந்துகொண்டோம். எவரும் எங்களை ஊக்குவிக்கவில்லை, எவரும் எண்ணவில்லை, கூப்பன் எதுவும் தரப்படவில்லை. வேலைக்குரிய உடையிலேயே, வியர்க்குமுன் இருக்கைக்குத் திரும்பிவிடக்கூடிய அளவில் அது நடந்தது. நடந்ததற்குக் காரணமே அதுதான்.

இப்போது அவர் இருக்கைகளுக்கு இடையே உள்ள நடைவழியில் போய்வருகிறார். அழைப்பில் இருப்பவர்களுக்கு இடையூறாக இருக்கிறது என்று புகார் வந்ததாக அவருடைய குழுத்தலைவர் கேட்டுக்கொண்டதால் அதுவும் குறைந்துவிட்டது. இந்தியாவில் 10 கோடியே 10 லட்சம் பேருக்குச் சர்க்கரை நோய் உள்ளது என்றும், மேலும் 13 கோடியே 60 லட்சம் பேர் அதன் விளிம்பில் இருக்கிறார்கள் என்றும் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஆதரவில் நடந்து 2023இல் வெளியான ஆய்வு மதிப்பிட்டது. அந்த எண்ணிக்கையில் உங்கள் ஊழியர்கள் எத்தனை பேர் என்பது, ஆண்டுதோறும் நீங்கள் நடத்தும் மருத்துவப் பரிசோதனையின் தொகுப்பறிக்கையைப் பார்த்தால் உங்களுக்கே தெரியும்.

நான்கு மாடி ஏறுவதாலும் இருபது நிமிடம் நடப்பதாலும் என்ன ஆகிவிடப் போகிறது என்று உங்களில் ஒருவர் ஊழியர் கூட்டத்தில் கேட்டார். கேள்வி நியாயமானது. அதற்கு எழுபது ஆண்டுகளுக்கு முன்பே ஒரு பதில் கிடைத்திருக்கிறது. லண்டனின் ஈரடுக்குப் பேருந்துகளில் வேலை செய்த ஓட்டுநர்களையும் நடத்துநர்களையும் ஜெர்ரி மாரிஸ் என்ற மருத்துவ ஆய்வாளரும் அவருடைய குழுவினரும் ஒப்பிட்டு, 1953இல் ‘லான்செட்’ இதழில் முடிவுகளை வெளியிட்டார்கள். ஒரே நிறுவனம், ஒரே வண்டி. ஓட்டுநர் நாள் முழுதும் உட்கார்ந்திருந்தார்; நடத்துநர் பயணச்சீட்டுக் கொடுப்பதற்காக நாள் முழுதும் மேலடுக்குக்கு ஏறி இறங்கினார். மாரடைப்பு உள்ளிட்ட இதய நோய்கள் ஓட்டுநர்களைவிட நடத்துநர்களிடம் குறைவாகவும், வந்தபோதும் கடுமை குறைந்தும் காணப்பட்டன. தொடக்கத்திலேயே இரு சாராரின் உடல்வாகும் வேறுபட்டிருக்கலாம் என்ற எதிர்வாதம் அப்போதே எழுந்தது. சீருடை அளவுகளை வைத்து அதையும் மாரிஸ் பின்னர் ஆராய்ந்தார். ஆனாலும் வேலைக்குள்ளேயே இருக்கும் படிக்கட்டு இதயத்துக்கு உதவக்கூடும் என்று உலகம் யோசிக்கத் தொடங்கியது அங்கிருந்துதான். அந்த நடத்துநர்களில் ஒருவரும் உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போய் இந்த வேறுபாட்டை உண்டாக்கவில்லை.

அண்மைய சான்றும் இருக்கிறது. வயது வந்தோர் வாரத்துக்கு 150 முதல் 300 நிமிடங்கள் மிதமான உடலியக்கத்தில் ஈடுபட வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைக்கிறது. 2010இல் இந்தப் பரிந்துரையை வெளியிட்டபோது, ஒரு தடவைக்குக் குறைந்தது பத்து நிமிடமாவது தொடர்ந்து செய்தால்தான் கணக்கில் சேரும் என்று அந்த நிறுவனம் சொல்லியிருந்தது. 2020இல் வழிகாட்டுதலைத் திருத்தியபோது அந்தப் பத்து நிமிட வரம்பை நீக்கிவிட்டது. இரண்டு நிமிடம் ஏறினாலும் கணக்கு. மூன்று நிமிடம் நடந்தாலும் கணக்கு. நேரமில்லாதவர்களுக்கு இதைவிடப் பெரிய சலுகை வேறில்லை. இரண்டு ஆண்டுகள் கழித்து ‘நேச்சர் மெடிசின்’ இதழில் வெளியான ஆய்வு, உடற்பயிற்சி எதுவும் செய்வதில்லை என்று சொன்ன இருபத்தைந்தாயிரத்துக்கும் மேற்பட்ட பிரிட்டன் மக்களின் மணிக்கட்டில் கட்டிய கருவிகளின் பதிவை எடுத்துக்கொண்டது. அன்றாட வேலைக்கிடையே ஒன்று அல்லது இரண்டு நிமிடம், ஒரு நாளைக்கு மூன்று நான்கு தடவை, மூச்சு வாங்கும்படி விரைந்து இயங்கியவர்களுக்கு, அப்படி எதுவும் செய்யாதவர்களைவிட இறப்பு அபாயம் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் குறைவாக இருந்ததை அது கண்டது. இது கவனிப்பு ஆய்வுதான், காரணகாரியத்தை முற்ற நிறுவுவது அன்று என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன். ஆனால் மூச்சு வாங்க ஒன்றிரண்டு நிமிடம் இயங்குவதற்கு ஓர் அலுவலகக் கட்டடத்தில் படிக்கட்டைத் தவிர வேறு எந்த இடம் இருக்கிறது?

உட்கார்ந்தே இருப்பதைப் பற்றியும் ஒரு சொல். சர்க்கரை நோயாளிகளை நாள் முழுதும் உட்கார வைத்தும், அரைமணிக்கொரு முறை மூன்று நிமிடம் எழுந்து மெதுவாக நடக்க வைத்தும் ஆஸ்திரேலியாவில் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். நடந்த நாளில் உணவுக்குப் பிந்தைய இரத்தச் சர்க்கரை தெளிவாகக் குறைந்திருந்ததை 2016இல் வெளியிட்டார்கள். எங்கள் வேலைநாளில் ஒரு கூட்டம் முடியும் மணித்துளியில் அடுத்த கூட்டம் தொடங்குகிறது. கழிப்பறைக்குப் போவதற்கே கேமராவை அணைத்துவிட்டு ஓட வேண்டியிருக்கும்போது, மூன்று நிமிட நடை என்பது பெரும் ஆடம்பரம்.

இனி உங்கள் சவாலுக்கு வருகிறேன். பத்தாயிரம் என்ற அந்த எண் மருத்துவ ஆய்விலிருந்து பிறந்தது அன்று. டோக்கியோ ஒலிம்பிக் போட்டி முடிந்த மறுஆண்டு, 1965இல், அடிகளை எண்ணும் சிறு கருவியைச் சந்தைக்குக் கொண்டுவந்த ஜப்பானிய நிறுவனம் ஒன்று விற்பனைக்காகப் பிடித்துக்கொண்ட எண் அது. அமெரிக்காவில் முதிய பெண்களிடம் நடத்தி 2019இல் வெளியான ஆய்வில், நாளொன்றுக்கு ஏறத்தாழ 2,700 அடி நடந்தவர்களைவிட 4,400 அடி நடந்தவர்களுக்கே இறப்பு அபாயம் கணிசமாகக் குறைந்திருந்தது. 7,500 அடிக்கு மேல் கூடுதல் பயன் ஏதும் தென்படவில்லை. நடக்கவே இடமில்லாத கட்டடத்தில் பத்தாயிரத்தை இலக்காக வைத்தால் என்ன நடக்கும் என்பதை இந்த மூன்று வாரங்களில் கண்கூடாகக் கண்டோம். குழுவின் மதிப்பெண் குறையக்கூடாது என்பதற்காகக் கைப்பேசியைப் பிள்ளையின் சட்டைப் பையில் போட்டு விளையாட அனுப்பியவர்கள் இருக்கிறார்கள். அதைச் சொல்லிச் சிரித்தவர்களில் குழுத்தலைவர்களும் உண்டு. ஏமாற்றத் தெரியாதவர்கள் இரவு பதினொரு மணிக்குப் படுக்கையறைக்கும் கூடத்துக்கும் இடையே நடந்து, தூக்கத்தைக் குறைத்துக்கொண்டிருக்கிறார்கள். கருவுற்றிருக்கும் சக ஊழியர் ஒருவரும், விபத்தில் கால் முறிந்து தேறிவரும் ஒருவரும், தங்களால் குழு பின்தங்குகிறது என்று வருத்தம் தெரிவித்து வாட்ஸ்அப் குழுவில் எழுதினார்கள். ஒரு நலத்திட்டம் ஊழியரை மன்னிப்புக் கேட்க வைக்கிறது என்றால் அதன் அமைப்பிலேயே கோளாறு இருக்கிறது. வாசற்கதவைச் சாத்திவிட்டு, ஏன் பந்திக்கு வரவில்லை என்று விருந்தாளியைக் கேட்பது போன்றது இது.

அந்தச் செயலி எடை, உயரம், தூக்க நேரம், மாதவிலக்கு நாள் வரை கேட்கிறது. இந்த விவரங்கள் யாரிடம் போகின்றன, எத்தனை காலம் வைத்திருக்கப்படும், மருத்துவக் காப்பீட்டு நிறுவனத்துடன் பகிரப்படுமா என்பதைச் சுற்றறிக்கை சொல்லவில்லை. தனிநபர் தரவுப் பாதுகாப்புக்கென்று 2023இல் இயற்றப்பட்ட சட்டம், ஒப்புதல் என்பது வற்புறுத்தலின்றி, எதற்காக என்று தெரிந்து தரப்பட வேண்டும் என்கிறது. இணையாதவரின் பெயரைக் குழுத்தலைவரின் வாராந்தரப் பட்டியலில் சிவப்பு நிறத்தில் காட்டிவிட்டு, இணைவது அவரவர் விருப்பம் என்று சொல்ல முடியாது.

படிக்கட்டை அடைத்ததற்கு நீங்கள் சொன்ன காரணங்களை நான் அலட்சியப்படுத்தவில்லை. அடையாள அட்டை இல்லாதவர் ஒருவர் படிக்கட்டு வழியாக ஒரு தளத்துக்குள் வந்துவிட்டார் என்றும், வாடிக்கையாளர் நிறுவனத்தின் தணிக்கையில் அது சுட்டிக்காட்டப்பட்டது என்றும் சொன்னீர்கள். தளத்தின் முகப்புக் கதவில் உள்ள அதே அட்டை வாசிப்புக் கருவியைப் படிக்கட்டுக் கதவிலும் பொருத்தினால் அந்தக் குறை தீர்ந்துவிடும்; தீ எச்சரிக்கை ஒலித்ததும் தானே திறந்துகொள்ளும் பூட்டுகள் இந்தச் சாலையிலுள்ள கட்டடங்களில் புழக்கத்தில் உள்ளவைதான். சிலர் அங்கே நின்று புகைபிடிக்கிறார்கள் என்றீர்கள். புகைபிடிப்பவர்மேல் நடவடிக்கை எடுக்க உங்களிடம் விதி இருக்கிறது, கேமராவும் இருக்கிறது. படியில் ஒருவர் வழுக்கி விழுந்தார் என்றீர்கள். இரண்டாம் தளத் திருப்பத்தில் விளக்கு எரியவில்லை என்று பராமரிப்புப் பிரிவில் பலமுறை பதிவுசெய்த பிறகும் அது மாற்றப்படாமல் இருந்தபோதுதான் அவர் விழுந்தார். மூன்று காரணங்களுக்கும் பொதுவாக உள்ள ஒன்று, பராமரிப்பதைவிட அடைத்துவிடுவது உங்களுக்குச் சுலபமாக இருந்தது என்பதே. தவிரவும், அன்றாடம் ஏறி இறங்கிப் பழகிய படியில்தான் தீ விபத்தின்போது இருட்டிலும் புகையிலும் மனிதர்கள் தடுமாறாமல் இறங்குவார்கள். ஆண்டுக்கொரு ஒத்திகையில் மட்டும் பார்த்த படியில் அன்று.

தரைத்தளத்தில் உடற்பயிற்சிக் கூடம் இருக்கிறதே என்பது உங்கள் மற்றொரு பதில். அது காலை ஏழு முதல் ஒன்பது வரையும், மாலை ஆறு முதல் எட்டு வரையும் திறந்திருக்கிறது. நிறுவன வண்டிகள் மாலை ஆறேகாலுக்குப் புறப்படுகின்றன. வண்டியை விட்டால் மேடவாக்கத்துக்கோ தாம்பரத்துக்கோ போக, ஷேர் ஆட்டோவும் மாநகரப் பேருந்தும் மாறி மாறித்தான் போக வேண்டும். ஆகவே அந்தக் கூடம், சொந்த வாகனமும் வீட்டில் சமைத்து வைக்க ஒருவரும் உள்ளவர்களுக்குரியதாக இருக்கிறது. அவர்கள்மேல் எனக்குப் பொறாமை இல்லை. அவர்களுக்காக ஒரு தளத்தின் பாதியை ஒதுக்க முடிந்த நிறுவனத்தால், மற்றவர்களுக்காகப் புங்கை மர நிழலை விட்டுவைக்க முடியவில்லையே என்பதுதான் வருத்தம். சாலையோரம் நடந்துகொள்ளலாமே என்று சொல்பவர்கள், சித்திரை வைகாசியில் நண்பகலிலும், ஐப்பசி கார்த்திகை மழையிலும் இந்தச் சாலையின் நடைபாதையில் ஒரு தடவை இறங்கிப் பார்க்க வேண்டும். நடைபாதை இருக்கும் இடங்களில்.

2021இல் தமிழ்நாடு அரசு, கடைகளில் வேலை செய்பவர்களுக்கு உட்காரும் உரிமையைச் சட்டத் திருத்தத்தின் மூலம் வழங்கியது. தியாகராய நகர் ஜவுளிக்கடைகளில் காலை முதல் இரவு வரை நின்றே இருந்த பெண்கள் ஓர் இருக்கைக்காகச் சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. எங்கள் துயரம் அவர்களுடையதோடு ஒப்பிடத்தக்கது என்று நான் சொல்ல மாட்டேன். எங்களுக்கு நல்ல நாற்காலிகள் உள்ளன, குளிரூட்டிய அறை உள்ளது. ஆனால் வேலையிடத்தில் உடல் எப்படி வைக்கப்படுகிறது என்பது முதலாளியின் பொறுப்புக்குள் வரும் என்று அந்தத் திருத்தம் ஒப்புக்கொண்டது. நிற்பவரை உட்கார விடுவது அந்தப் பொறுப்பு என்றால், உட்கார்ந்திருப்பவரை எழுந்து நடக்க விடுவதும் அதுவேதான்.

இதே கட்டடத்தில் நாள் முழுதும் துடைப்பமும் வாளியுமாக ஏறி இறங்கும் துப்புரவுப் பணியாளர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு மட்டும் சேவைப் படிக்கட்டு இன்றும் திறந்திருக்கிறது. பயணிகள் லிப்டில் ஏற அவர்களுக்கு அனுமதி இல்லை. நிறுவன மின்னஞ்சல் முகவரி இல்லாததால் உங்கள் சவாலிலும் அவர்கள் இல்லை. இருந்திருந்தால் முதல் நாளிலேயே கூப்பன் அவர்களுக்குப் போயிருக்கும். ஏற விரும்புகிறவரைத் தடுத்தும், ஏறி ஏறி முழங்கால் தேய்ந்தவரைக் கட்டாயப்படுத்தியும் ஒரே கட்டடம் நடத்தப்படுவது எந்த நலக்கொள்கையின்படி என்று தெரிவியுங்கள்.

என் கோரிக்கைகள் இவை. படிக்கட்டுக் கதவுகளில் அட்டை வாசிப்புக் கருவிகளைப் பொருத்தி, அடுத்த மாத இறுதிக்குள் எல்லாத் தளங்களிலும் திறந்துவிடுங்கள். அதுவரையிலும் மூன்றாம் தளத்துக்கும் ஏழாம் தளத்துக்கும் இடையிலான பகுதியையாவது, மதியம் பன்னிரண்டரை முதல் இரண்டரை வரை, ஒரு காவலரை அமர்த்தித் திறந்து வையுங்கள். அங்கே எரியாத விளக்குகளை மாற்றி, தளர்ந்துபோன கைப்பிடிகளைச் சரிசெய்யுங்கள். உணவு இடைவேளையை மீண்டும் ஒரு மணி நேரமாக்குங்கள். இதில் பேரத்துக்கு இடமில்லை என்று கருதுகிறேன். நாற்பது நிமிடத்தில் ஏழாம் தளத்துக்கு லிப்டில் போய், வரிசையில் நின்று, சாப்பிட்டுத் திரும்புவதற்கே நேரம் போதாது.

பின்புறப் பாதையில் முழு அகலத்தையும் வாகனங்களுக்குக் கொடுக்காமல், மரங்களை ஒட்டி இருவர் இணைந்து நடக்கும் அளவுக்காவது தடுப்பு வைத்துப் பிரித்துத் தாருங்கள். அரைமணி நேரக் கூட்டங்கள் இருபத்தைந்து நிமிடத்திலும், ஒரு மணி நேரக் கூட்டங்கள் ஐம்பது நிமிடத்திலும் முடியும்படி நாட்காட்டி மென்பொருளின் அமைப்பை நிறுவனம் முழுமைக்கும் மாற்றுங்கள். அது ஒரு நாள் வேலை, செலவில்லாதது. பேச மட்டும் வேண்டிய அழைப்புகளை நின்றோ நடந்தோ எடுக்கலாம் என்று எழுத்து வடிவில் அனுமதியுங்கள். இல்லாவிட்டால் குழுத்தலைவர்கள் அதை ஒழுங்கீனமாகவே பார்ப்பார்கள். மாலை வண்டிகளில் ஒரு பகுதியையாவது ஏழே காலுக்குப் புறப்படச் செய்தால், உடற்பயிற்சிக் கூடம் இன்னும் பலருக்குப் பயன்படும்.

பத்தாயிரம் அடி சவாலை நிறுத்துங்கள். தொடர்ந்தே ஆக வேண்டும் என்றால், குழு மதிப்பெண்ணையும் சிவப்புப் பட்டியலையும் நீக்கி, இணைவதும் விலகுவதும் ஊழியரின் விருப்பமாக இருக்கட்டும். இதுவரை திரட்டிய தரவு எங்கே இருக்கிறது, யார் பார்க்கிறார்கள், எப்போது அழிக்கப்படும் என்பதை எழுத்தில் தெரிவியுங்கள். துப்புரவுப் பணியாளர்களும் காவலர்களும் எல்லோரும் பயன்படுத்தும் லிப்டில் ஏறலாம் என்று அறிவித்து, ஆண்டு மருத்துவப் பரிசோதனையில் அவர்களையும் சேருங்கள்.

இவற்றில் எதை ஏற்கிறீர்கள், எதை மறுக்கிறீர்கள், மறுப்பதற்குக் காரணம் என்ன என்பதை இந்த மாத இறுதிக்குள் எழுத்தில் தெரிவிக்க வேண்டுகிறேன். கட்டடத்தைப் பற்றிய அடுத்த முடிவை எடுக்குமுன், ஒவ்வொரு தளத்திலிருந்தும் ஊழியர்கள் தேர்ந்தெடுக்கும் ஒருவரை, பாதியாவது பெண்களாக, பராமரிப்புக் குழுவின் கூட்டத்துக்கு அழையுங்கள். அந்தக் கூட்டத்தை ஏழாம் தளத்தில் வைத்து, எல்லோரும் படியேறி வரும்படி ஏற்பாடு செய்தால் இன்னும் நல்லது.

இப்படிக்கு,
மூன்றாம் தளத்தில் பணிபுரியும் ஊழியர் ஒருவர்